நன்றி, அனத்தோல்

பாரிஸ்,
3 அக்டோபர் 1957

பெய்ர்மோன் நகரத்து அல்காஸார் திரையரங்கின் இயந்திர அறையை ஆளும் மாட்சிமை தங்கிய மருமகள் எர்மினுக்கு,

உன் தாய்மாமன் அனிசே வெர்தால் எழுதுவது. உட்கார்ந்துகொண்டு படி. நீ உட்காரலாம், உனக்கு அந்த உரிமை இருக்கிறது. எனக்குத்தான் இல்லை.

முப்பத்தொரு வருடமாகக் கேமராவுக்கு முன்னால் நின்றே பிழைக்கிறவன் நான். தொண்ணூற்றாறு படங்கள். கதவு திறந்திருக்கிறேன், கோட்டு வாங்கி மாட்டியிருக்கிறேன், தட்டில் வைத்துக் கடிதம் நீட்டியிருக்கிறேன். பதினேழு தடவை செத்திருக்கிறேன். அதிலும் பதினாறு தடவை நின்ற இடத்திலிருந்து விழுந்துதான் செத்தேன், பதினேழாவது தூக்குமேடை. சீமாட்டிகளுக்கு நான் பரிமாறிய சூப்பையெல்லாம் ஒன்றாகக் கொட்டினால் சேன் நதி கரையேறி நோத்ர்-தாம் கோயிலுக்குள் போய் மெழுகுவர்த்தி ஏற்றிவிட்டு வரும். இத்தனையிலும் ஒரு இயக்குநராவது, ஒரு தடவையாவது, எனக்கு நாற்காலி போட்டதில்லை.

இப்போது போடுகிறேன் என்கிறார் லெவ்ரோ. இயக்குநர் லெவ்ரோவை உனக்குத் தெரியும், உன் அரங்கில் அவர் படம் ஓடும்போது சனம் மிட்டாய்க் காகிதத்தைக்கூடச் சத்தமில்லாமல் பிரிக்கும். போன வாரம் கூப்பிட்டனுப்பினார். உயில் வாசிக்கும் நோட்டரி வேடம். பதினொரு நாள் வேலை, நாற்பத்திரண்டு வசனம். நான் வழக்கம்போல் நின்றுகொண்டே கேட்டேன். அவர் சொன்னார்:

“வெர்தால், இதுல நீங்க உக்காந்துதான் பேசணும். மத்தவங்க எல்லாரும் உங்க முன்னாடி நிப்பாங்க.”

தோல் உறை போட்ட நாற்காலி, எர்மின். கைப்பிடியில் சிங்க முகம் செதுக்கியது. என்னிடம் காட்டவும் செய்தார்கள். நான் தொட்டுப் பார்க்கவில்லை. கோயில் விக்கிரகத்தைப் பார்ப்பதுபோல் தள்ளி நின்று பார்த்தேன். இருபதாம் தேதிக்குள் பதில் சொல்ல வேண்டும்.

மாட்டேன் என்று சொல்லப் போகிறேன்.

காரணம் கேள். கல்லீரலைக் கழுவ வருஷா வருஷம் வெந்நீர் ஊற்றுக்குப் போகிறேன் அல்லவா, இந்தத் தடவை திரும்பும்போது பஸ்ஸின் அச்சு முறிந்து வால்க்ரோஸில் இரண்டு நாள் கிடந்தேன். ஆமாம், உன் ஊருக்குப் பக்கத்து ஊர். பதினான்கே கிலோமீட்டர். ஏன் உன்னைப் பார்க்க வரவில்லை என்று கோபித்துக்கொள்ளாதே. எந்த முகத்தோடு வருவது? முகத்தைத்தான் வெட்டிவிட்டார்களே.

சனிக்கிழமை மாலை அந்த ஊர்க் கொட்டகையில் ‘அவினியோன் விதவை’ என்று எழுதியிருந்தது. நான் நடித்த படம். காலரைத் தூக்கி விட்டுக்கொண்டு, அடையாளம் தெரிந்து ஊரே கூடிவிடுமோ என்ற பயத்தில் கடைசி வரிசையில் உட்கார்ந்தேன். அந்தப் படத்தில் நான் இன்ஸ்பெக்டரின் உதவியாள். கம்பளத்தைத் தூக்கி, அடியிலிருந்து கத்தியை எடுத்துக் கொடுப்பேன். அந்தக் கத்தி இல்லாவிட்டால் கதையே இல்லை. இன்ஸ்பெக்டர் வெறுங்கையோடு நிற்கிறார். படம் ஒரு குலுக்குக் குலுக்கியது. இன்ஸ்பெக்டர் கையில் கத்தி. நான் இல்லை. மாடிப்படிக் காட்சியில் இல்லை. ரயில் நிலையத்திலும் இல்லை. சூப்பில் போட்ட பிரிஞ்சி இலையைப் போல மிகக் கவனமாக என்னை எடுத்து வெளியே வைத்திருக்கிறார்கள்.

பக்கத்தில் இருந்தவரிடம் மெதுவாகக் கேட்டேன்: “ஏங்க, அந்தக் கத்தி எப்படிங்க வந்தது?”

அவர் திரும்பிக்கூடப் பார்க்காமல் சொன்னார்: “போலீஸ்காரன்ல. வச்சிருப்பான்.”

மறுநாள் காபிக் கடையில், வேற்றூர்க்காரன் ஆவலாய்க் கேட்பதுபோல, நான் நடித்த வேறு பதினோரு படங்களைப் பற்றி விசாரித்தேன். எல்லாக் கதையையும் ஒரு நூல் பிசகாமல் சொன்னார்கள். ஒன்றிலும் நான் இல்லை. கடை முதலாளி ஃபிர்மான் நல்ல மனிதர், ஆனால் அந்த ஊரே கொஞ்சம் ஒருமாதிரி. காற்றில் கதவு கிரீச்சிட்டுத் திறந்தால் சீட்டு ஆடுகிறவர்கள் தலை நிமிராமல், “நன்றி, அனத்தோல்” என்கிறார்கள். செத்துப்போன யாரோ புண்ணியவான் போலிருக்கிறது. செத்தவனை நினைக்கிறார்கள். உயிரோடு உட்கார்ந்து காபி குடிக்கிற என்னை நினைக்க ஆள் இல்லை.

எனக்குப் புரிந்தது இதுதான். பாரிஸில் ஓடி முடிந்த படத்தை வெளியூருக்கு அனுப்பும்போது நீளம் குறைக்கிறார்கள். யாரை எடுத்தால் கதைக்குச் சேதமில்லை என்று கத்தரிக்காரனுக்குத் தெரியும். நோட்டரியை மட்டும் விட்டுவைப்பானா? உயில் தானாகவே தன்னை வாசித்துக்கொள்ளும்.

ஆகவே அரங்குக்கு மேலே இருக்கும் அறையைப் பெருக்கி வை. வாசலில் டிக்கெட் கிழித்துக் கொடுக்கிறேன். அதுவும் நின்று செய்கிற வேலைதான்.

ஓய்வு பெற்ற கதவு திறப்பாளன்,
அனிசே மாமா


பெய்ர்மோன்,
7 அக்டோபர் 1957

அன்புள்ள மாமா,

கடிதம் வந்தது. தபால்காரர் உறையைக் கையில் நிறுத்துப் பார்த்துவிட்டு, “உங்க மாமாவா, யாரு செத்தா?” என்று கேட்டார். இன்னும் யாரும் சாகவில்லை என்று சொன்னேன்.

மேல் அறை ஒழுகுகிறது. போதாததற்குப் புறாக்கள் குடும்பம் நடத்துகின்றன. டிக்கெட் கிழிக்க வியாலார் அம்மாள் இருக்கிறாள். அவள் இடத்தில் கை வைத்தால் அவள் உங்களைக் கிழித்துக் கொடுப்பாள்.

வால்க்ரோஸ்காரர்கள் சொன்னதையா பெரிதாக எடுத்துக்கொண்டீர்கள்? 1938-இல் நம் ஊர்த் தானியக் கிடங்கு பற்றி எரிந்தபோது தண்ணீர்க் குழாயைக் கேட்டு ஆள் அனுப்பினோம். குழாய் காய்கிறது, நனைக்க முடியாது என்று பதில் சொன்ன ஜனங்கள். அவர்கள் ஒன்றைக் கவனிக்கவில்லை என்றால் அது அந்த ஒன்றின் குற்றமா?

அது பழைய பிரதி மாமா. பல ஊர் சுற்றிய சுருள். பல் சக்கரத்தில் மாட்டிக் கிழியும், ஒட்டுவார்கள், ஒட்டின இடத்தில் நாலு படக் கட்டம் போகும். உங்கள் நேரம், கிழிந்த இடத்தில் நீங்கள் நின்றிருக்கிறீர்கள். இதற்காக ஒருவர் நாற்காலியை விடுவாரா?

மாட்டேன் என்று லெவ்ரோவுக்கு எழுதிவிட்டீர்களா? எழுதியிருந்தால் தபாலில் போடாதீர்கள். இது கெஞ்சலாகத் தெரிந்தால் தெரியட்டும்.

இன்னொன்று. வால்க்ரோஸில் விசாரித்ததோடு நிறுத்திக்கொண்டீர்களா, இல்லை, வேறு எங்காவது கேட்டீர்களா? சும்மாதான் கேட்கிறேன்.

மருமகள்,
எர்மின்


பாரிஸ்,
9 அக்டோபர் 1957

மருமகளே,

உன் கடிதத்தை மூன்று தடவை படித்தேன். முதல் தடவை மாமனாக, இரண்டாம் தடவை கலைஞனாக, மூன்றாம் தடவை கண்ணாடி போட்டுக்கொண்டு.

கிழிந்துவிட்டது என்கிறாய். கிழிசலுக்கு மூக்கு உண்டா? பன்னிரண்டு படம். பன்னிரண்டிலும் கதாநாயகன் ஒரு கீறல் இல்லாமல் தப்பிக்கிறான், குதிரைகூடத் தப்பிக்கிறது, என்னை மட்டும் மோப்பம் பிடித்து வந்து பல் சக்கரம் கடிக்கிறது. அந்தப் பல் சக்கரத்தைப் போலீஸ் வேலைக்கு எடுத்துக்கொள்ளலாம்.

உன் ஊரில் மட்டும் நான் முழுசாக இருக்கிறேன், கவனித்தாயா? போன ஈஸ்டருக்கு வந்தபோது பார்த்தேனே. நான் திரையில் வந்ததும் கூட்டம் எழுந்து நின்றது, மேயர் தொப்பியைக் கழற்றினார், நீ அந்தத் துண்டை மூன்று தடவை ஓட்டினாய். ரகசியம் இப்போதுதான் விளங்குகிறது. வெர்தால் பிறந்த ஊர் ஆயிற்றே என்று கம்பெனிக்காரர்கள் பெய்ர்மோனுக்கு மட்டும் ஒரு தனிப் பிரதி போட்டு அனுப்புகிறார்கள். மரியாதை தெரிந்தவர்கள். ஆனால் தாய் வீட்டில் கிடைக்கிற மரியாதையை வைத்து ஒருவன் ஊரில் தலை காட்ட முடியாது.

கேட்டது போதாது என்று நினைக்கிறாய் போல. சரி, கேட்கிறேன். கம்பெனி அலுவலகத்துக்கே எழுதி, வெளியூர்ப் பிரதிகளில் கத்தரி வைக்கிறவர் யார் என்று கேட்கப் போகிறேன். தண்டிப்பதற்காக இல்லை. என் நடிப்பை ஒரு காட்சி விடாமல் உன்னிப்பாகப் பார்த்த ஒரே மனிதர் அவர்தான். கை குலுக்கிவிட்டு ஓய்வு பெறுகிறேன்.

விளையாட்டை விட்டுச் சொல்கிறேன். வெட்டியது வலிக்கவில்லை எர்மின். வெட்டுப்படாமல் பிழைத்த துணை நடிகன் உலகத்தில் இல்லை. கத்தி தானாக வந்தது, ஒருவனும் கேட்கவில்லை, அதுதான் வலிக்கிறது. நூறு பேர் இருந்த கொட்டகை. ‘கதவைத் திறந்தது யார்’ என்று ஒரு ஆத்மா கேட்டிருந்தால், சத்தியமாக, அந்த ஒரு ஆளுக்காக இன்னும் முப்பது வருடம் நின்றிருப்பேன்.

லெவ்ரோவுக்குக் கடிதம் எழுதியாயிற்று. உறையில் போட்டு, தபால் தலை ஒட்டி, காபிப் பாத்திரத்தில் சாய்த்து வைத்திருக்கிறேன். தினமும் காலையில் அது என்னைப் பார்க்கிறது, நான் அதைப் பார்க்கிறேன். இருபதாம் தேதி வரை பார்ப்போம்.

புறாக்களுக்கு நோட்டீஸ் கொடு.

அனிசே மாமா


பெய்ர்மோன்,
12 அக்டோபர் 1957

மாமா,

கம்பெனிக்கு எழுதாதீர்கள். கை குலுக்க வேண்டுமானால் பெய்ர்மோனுக்கு வாருங்கள். கத்தரி என்னுடையது.

எழுதிவிட்டேன். இனி மற்றதும் வரும்.

தனிப் பிரதியா? மாமா, கம்பெனி நமக்கு மூடி இருக்கிற பெட்டிகூட அனுப்புவதில்லை. சுருளைக் கயிற்றால் கட்டி அனுப்புகிறார்கள். மலையில் முதல் அரங்கு நம்முடையது. இங்கே ஓடி முடிந்ததும் பெட்டி பஸ் ஏறி வால்க்ரோஸ் போகும், அதற்குப் பிறகு கீழே இருக்கிற ஊர்களுக்கு. நான் எடுத்த பிறகு மிஞ்சியதைத்தான் அவர்கள் எல்லோரும் பார்க்கிறார்கள். சாகப்போகிற பிரதிகள் அவை. யாரும் அளந்து பார்ப்பதில்லை.

அம்மாவில் தொடங்கியது. கடைசி இரண்டு வருடம் அவளுக்குக் கால் வீங்கி, படி இறங்க முடியாமல் போனது உங்களுக்குத் தெரியும். அரங்குக்கு வர முடியாத கோபத்தை என் மேல் காட்டினாள். “என் தம்பியைப் பாக்க ஊர்ல எல்லாருக்கும் காலு இருக்கு” என்றாள். ஒரு திங்கட்கிழமை, பெட்டி கட்டும் முன், உங்கள் காட்சியிலிருந்து ஒரு முழ நீளம் வெட்டிக்கொண்டு போய் அவள் கட்டிலுக்கு எதிரே ஜன்னல் கண்ணாடியில் ஒட்டினேன். காலை வெயில் வரும்போது ஒவ்வொரு கட்டமாக உங்களைப் பார்ப்பாள். அடுத்த வாரம் இன்னொன்று. பிறகு முழுக் காட்சியே. ஒருநாள் வெகு நேரம் பார்த்துவிட்டுக் கேட்டாள்:

“இவன் ஏண்டி எப்பவும் நின்னுக்கிட்டே இருக்கான்? ஒரு நாற்காலி குடுக்கமாட்டாங்களா?”

இதை உங்களிடம் சொல்லக் கூடாது என்று வைத்திருந்தேன். இப்போது சொல்லாமல் இருந்தால் அது வேறு பாவம்.

1948-இல் அம்மா போன பிறகும் கத்தரி நிற்கவில்லை. அதற்கு அம்மாவைச் சாக்குச் சொல்ல மாட்டேன். ஒரு தடவை மேயர் போர்தாரி இயந்திர அறைக்கு ஏறி வந்தவர் என் மேசையில் துண்டுகளைப் பார்த்துவிட்டார். பிடிபட்டேன் என்று நினைத்தேன். அவர் ஒரு துண்டை விளக்கில் பிடித்து உங்களை அடையாளம் கண்டு, பெட்டி அடுத்து எங்கே போகிறது என்று கேட்டார். வால்க்ரோஸ் என்றேன். துண்டை மேசைமேல் திரும்ப வைத்தார்.

“நம்ம ஆளை அவனுங்க எதுக்குப் பாக்கணும்? குழாய் குடுத்தானுங்களா?”

அவ்வளவுதான் மாமா, ஊர்த் தீர்மானம் நிறைவேறியது. அன்றிலிருந்து இது என் திருட்டு இல்லை, நகராட்சிக் கொள்கை. ரொட்டிக்கடைக்காரர் தகர டப்பா கொடுத்தார். வியாலார் அம்மாள் டப்பாக்களுக்கு எண் போட்டாள். பஸ் ஓட்டுநர் மார்சியல் பெட்டியின் எடை குறைந்ததைப் பார்த்துக் கண்ணடிப்பார். உங்கள் ஐம்பத்தொரு படங்கள், பதினான்கு பிஸ்கட் டப்பாக்களில், மாவு அலமாரிக்குப் பின்னால், ஈரம் படாமல் இருக்கின்றன. கிறிஸ்துமஸுக்கு மறுநாள் கதவைச் சாத்திக்கொண்டு எல்லாவற்றையும் சேர்த்து ஓட்டுவோம். ஒன்றே கால் மணி நேரம். நீங்கள் வருகிறீர்கள், கதவு திறக்கிறீர்கள், சூப்பு வைக்கிறீர்கள், சாகிறீர்கள், உடனே எழுந்து வேறொரு கதவைத் திறக்கிறீர்கள். முடி கறுப்பாக இருந்து வெள்ளையாகிறது. கதாநாயகன் யாரென்று அந்தக் கூட்டத்தில் ஒருவருக்கும் சந்தேகம் வந்ததில்லை.

உங்களை நாங்கள் மட்டும் வைத்துக்கொண்டோம். வைத்துக்கொண்டால் மற்றவர்களிடம் இல்லாமல் போகும் என்று தோன்றவே இல்லை. வெங்காயம் எடுத்தால் கூடையில் குறையும் என்று தெரிகிற எனக்கு இது தெரியவில்லை.

உங்களை யாரும் வேண்டாமென்று வெட்டவில்லை. வேண்டுமென்றுதான் வெட்டினேன். அந்த உறையைக் காபிப் பாத்திரத்துக்கு உள்ளே போட்டுக் கொதிக்க வையுங்கள். பிறகு என்னைத் திட்டுங்கள்.

எர்மின்


பாரிஸ்,
14 அக்டோபர் 1957
(அஞ்சலட்டை)

எர்மின்.
கிடைத்தது. படித்தேன்.
அ. வெர்தால்


பெய்ர்மோன்,
16 அக்டோபர் 1957

மாமா,

உங்களிடமிருந்து ஐந்து வார்த்தையில் ஒரு கடிதம் வரும் என்று யாராவது சொல்லியிருந்தால் பந்தயம் கட்டித் தோற்றிருப்பேன். கையெழுத்தில் ‘மாமா’ கூட இல்லை. அட்டையை வியாலார் அம்மாளிடம் காட்டினேன். அவள் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு அட்டையின் பின்பக்கம், ஓரம், தபால் தலைக்கு அடியில் எல்லாம் தேடிவிட்டு, “நெசமாவே கோவம்தான்” என்றாள்.

கோபம் உங்கள் உரிமை. ஆனால் நீங்கள் எழுதிய ஒன்று உண்மையில்லை. யாரும் கேட்கவில்லை என்றீர்கள். கேட்டார்கள். பதினோரு வருடமாகக் கேட்டுக்கொண்டிருக்கிறார்கள்.

இந்த உறையில் ஒரு சின்னத் துண்டு வைத்திருக்கிறேன். ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பாருங்கள். ‘பிரபு வீட்டு விருந்து’, 1946. ஒரே ஒரு நாள் போய் நடித்துவிட்டு மறந்திருப்பீர்கள். கதவைத் திறந்துகொண்டு சூப்புத் தட்டோடு வருவீர்கள். “சூடா இருக்குங்க பிரபு, பாத்துக் குடிங்க” என்பீர்கள். வைத்துவிட்டுப் போவீர்கள். பிரபு ஒரு கரண்டி குடித்துவிட்டு உங்கள் பெயரைச் சொல்லி நன்றி சொல்வார்.

உங்கள் பெயர் என்ன தெரியுமா, அந்தப் படத்தில்? அனத்தோல்.

சுருளில் முகமும் குரலும் ஒரே இடத்தில் இருப்பதில்லை, மாமா. குரல் இருபது கட்டம் முன்னால் ஓடும். முகத்தை வெட்டினால் குரலின் தலைப்பக்கம் மட்டும் தப்பி, முந்தின துண்டோடு தங்கிவிடும். அப்போது எனக்கு அனுபவம் போதாது, அதைச் சுரண்டி எடுக்காமல் விட்டுவிட்டேன். ஆக வால்க்ரோஸில் என்ன ஓடியது என்றால்: பிரபு தனியாக உட்கார்ந்திருக்கிறார். யாரும் வரவில்லை, ஆனால் கதவு கிரீச்சிடுகிறது. காற்றில் ‘சூ’ என்று ஒரு குரல். மேசைமேல் சூப்பு வந்திருக்கிறது. பிரபு குடித்துவிட்டு வெற்றிடத்தைப் பார்த்து, “நன்றி, அனத்தோல்” என்கிறார்.

அவர்கள் அதைப் பேய்ப்படம் என்றே நம்பிவிட்டார்கள். மார்சியல் வந்து சொல்லிச் சொல்லி நாங்கள் வயிறு வலிக்கச் சிரித்தோம். அனத்தோல் பிரபுவால் விஷம் வைத்துக் கொல்லப்பட்ட வேலைக்காரன் என்று ஒரு கட்சி, இல்லை, எஜமானைப் பிரிய மனமில்லாத ஆவி என்று பாதிரியார் கட்சி. அந்தப் படத்தை மட்டும் மூன்று தடவை திரும்பக் கேட்டு வாங்கி ஓட்டினார்கள். கதவு தானாகத் திறந்தால் நன்றி சொல்வது அதிலிருந்துதான் வந்தது. கல்யாண விருந்தில் முதல் கரண்டி சூப்புக்கு முன்னால் சொல்கிறார்களாம்.

சிரித்தோமே தவிர, அது உங்களைப் பற்றித்தான் என்று எனக்கு உங்கள் முதல் கடிதத்தில் அந்தக் காபிக் கடையைப் படித்தபோதுதான் சுரீரென்றது. பக்கத்தில் உட்கார்ந்து அவர்கள் உங்களுக்கு நன்றி சொல்லியிருக்கிறார்கள், நீங்கள் யாரோ செத்தவனுக்கு என்று நினைத்திருக்கிறீர்கள்.

இருபதாம் தேதிக்கு நாலு நாள்தான் இருக்கிறது.

எர்மின்


வால்க்ரோஸ், ஃபிர்மானின் காபிக் கடை,
18 அக்டோபர் 1957, மாலை

என் கண்ணே, கொள்ளைக்காரியே, மருமகளே,

எங்கிருந்து எழுதுகிறேன் என்று மேலே பார். இன்னொரு தடவை பார். ஆமாம்.

உன் துண்டு நேற்றுக் காலை வந்தது. ஜன்னலில் பிடித்தேன். முப்பது வயது இளைய ஒருவன் சூப்புத் தட்டோடு நிற்கிறான். (கணக்குப் பார்க்காதே, பதினோரு வருடம் என்று எனக்கும் தெரியும்.) அவனை எனக்கு நினைவே இல்லை. ஆனால் கட்டை விரலைத் தட்டின் விளிம்புக்கு வெளியே நீட்டி வைத்திருந்தான். அது நான்தான், அந்தக் கட்டை விரல் என் சொந்தக் கண்டுபிடிப்பு. உடனே ரயில் ஏறிவிட்டேன்.

கோபத்தைப் பற்றி முதலில் சொல்லிவிடுகிறேன். அஞ்சலட்டை எழுதிய அன்று பாரிஸில் இருந்த பீங்கான்களுக்கெல்லாம் உயிர் போயிருக்கும், என் வீட்டில் இரண்டே கோப்பைதான் இருந்ததால் நகரம் தப்பித்தது. ஐம்பத்தொரு படம், எர்மின்! நெப்போலியன்கூட ஒரு மனிதனை இவ்வளவு இடங்களிலிருந்து துரத்தியதில்லை. அப்புறம் இரண்டு நாள் உன் கடிதத்தில் ஒரே ஒரு வரியைப் படித்துக்கொண்டிருந்தேன். உன் அம்மா செஃபிரின் கேட்டது. சின்ன வயதில் சாப்பாட்டு மேசையில் எனக்கு இடம் போதாதபோது தன் நாற்காலியில் பாதியை விட்டுக் கொடுத்தவள் அவள். அவள் கேட்டதற்கு உன்மேல் கோபப்பட முடியாது. வேறு யார்மேல் படுவது என்றும் தெரியவில்லை. விட்டுவிட்டேன்.

இன்று மத்தியானம் இங்கே இறங்கினேன். காற்றே இல்லை. கடை வாசலில் அரைமணி நேரம் நின்றேன். தொண்ணூற்றாறு படங்களில் கதவு திறந்தவனுக்கு ஒரு காபிக் கடைக் கதவைத் திறக்கத் தெரியவில்லை. யாராவது ‘கேமரா’ என்று கத்தினால் தேவலை போலிருந்தது.

திறந்தேன். கதவு கிரீச்சிட்டது. நாலு பேர் சீட்டாடிக்கொண்டிருந்தார்கள், ஃபிர்மான் கோப்பை துடைத்துக்கொண்டிருந்தார், மூலையில் ஒரு அம்மாள் கோஸ் சூப்பு குடித்துக்கொண்டிருந்தாள். ஒருவரும் தலை நிமிரவில்லை. எல்லோரும் ஒன்றாக, ஜெபம் சொல்கிற குரலில், தாளம் தப்பாமல் சொன்னார்கள்:

“நன்றி, அனத்தோல்.”

நான் யோசிக்கவில்லை. என் வலது கை தானாகத் தட்டு ஏந்தும் உயரத்துக்குப் போனது. கட்டை விரல் வெளியே வந்தது.

“சூடா இருக்குங்க பிரபு. பாத்துக் குடிங்க.”

எர்மின், உலகத்தின் பெரிய மேடைகளில் விழுந்த மௌனங்களை எல்லாம் கோணியில் கட்டினாலும் இதன் எடைக்கு வராது. சீட்டுக்கட்டு ஒருவர் கையிலிருந்து சரிந்தது. சூப்பு அம்மாள் சிலுவைக்குறி போட்டுவிட்டு, எதற்கும் இருக்கட்டும் என்று சூப்பை ஊதினாள். முதலில் வாயைத் திறந்தவர் சீட்டாடிய கிழவர்களில் ஒருவர். பேயைப் பார்த்து அல்ல, எதிரே இருந்தவரைப் பார்த்து.

“பாத்தியா? நான் அன்னைக்கே சொன்னேன், அந்தச் ‘சூ’ சூப்பைப் பத்தித்தான் சொல்ல வருதுன்னு. நீதான் சூழ்ச்சி சூழ்ச்சின்னு பதினோரு வருஷமா கழுத்தறுத்தே.”

அப்புறம் எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். ஒரு கடை முழுக்க. நான் நின்றுகொண்டிருக்க, மற்றவர்கள் என்னைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள், நான் என்ன செய்யப்போகிறேன் என்று. கதாநாயகர்கள் தினமும் இப்படித்தான் இருப்பார்கள் போலிருக்கிறது.

ஃபிர்மான் கோப்பையை வைத்துவிட்டு வந்தார். போன மாதம் இரண்டு நாள் காபி குடித்தவன் என்று அடையாளம் தெரிந்துவிட்டது அவருக்கு. நான் நடிகன் என்றும் சொன்னேன். அதை அவர் அவ்வளவாகக் காதில் வாங்கவில்லை. “இவ்வளவு நாளா எங்க போயிருந்தீங்க?” என்று மட்டும் கேட்டார். பயப்படாதே, உன்னைக் காட்டிக் கொடுக்கவில்லை. வேறு வீடுகளில் வேலையாக இருந்தேன் என்றேன். அது பொய்யில்லை. ஐம்பத்தொரு வீடு.

அவர் அடுப்புக்குப் பக்கத்தில் இருந்த மேசையிலிருந்து ஒரு நாற்காலியை இழுத்து, தோளில் கிடந்த துணியால் தட்டித் துடைத்துப் போட்டார்.

“உக்காருங்க அனத்தோல். ரொம்ப நேரமா நிக்கிறீங்க.”

உட்கார்ந்தேன். சூப்பு வந்தது. அவரே கொண்டுவந்து வைத்தார், சூடாக இருக்கிறது என்று அவரே சொன்னார். கட்டை விரலைத் தட்டுக்கு உள்ளே விட்டிருந்தார். பழகாதவர், மன்னித்துவிட்டேன். ஒரு கரண்டி குடித்துவிட்டு நன்றி சொன்னேன். எல்லோரும் கை தட்டினார்கள். சூழ்ச்சிக் கட்சிக்காரர் மட்டும் தட்டவில்லை.

இனி உனக்கான தீர்ப்பு. டப்பாக்கள் பதினான்கும் இருக்கிற இடத்திலேயே இருக்கட்டும். கிறிஸ்துமஸுக்கு மறுநாள் நானும் வந்து பின் வரிசையில் உட்காருவேன். இனிமேல் வருகிற படங்களில் கத்தரி வைக்காதே. லெவ்ரோ படத்தில் ஒரு கட்டம் குறைந்தாலும் நானே வால்க்ரோஸ்காரனாக மாறி உன் அரங்கு எரியும்போது குழாய் தர மறுப்பேன். மேயரிடமும் சொல்லிவிடு. ஆனால் ‘பிரபு வீட்டு விருந்து’ எப்போதாவது உன் கைக்குத் திரும்பி வந்தால், தயவு செய்து அந்தத் துண்டை மட்டும் ஒட்டிவிடாதே. இந்த ஊரில் எனக்கு இதைவிட நல்ல வேடம் இனிமேல் யாரும் எழுதப் போவதில்லை.

தபால் தலை ஒட்டிய உறையைச் சட்டைப் பையில் கொண்டுவந்திருந்தேன். ஃபிர்மானின் அடுப்பில் போட்டேன். தபால் நிலையம் சாத்தப் பத்து நிமிடம் இருக்கும்போது ஓடிப்போய் லெவ்ரோவுக்குத் தந்தி கொடுத்தேன். தந்தியில் என்னென்னவோ கம்பீரமாக எழுத நினைத்து, கடைசியில் ‘வருகிறேன். நாற்காலியை எடுத்துவிடாதீர்கள்’ என்று மட்டும் எழுதினேன்.

நாளைக் காலை மார்சியல் பஸ்ஸில் உன் வீட்டுக்கு வருகிறேன். மத்தியானத்துக்குப் பாலாடைக்கட்டி போட்டு உருளைக்கிழங்கு கிளறி வை, நிறைய. புறாக்களிடம் ஒருநாள் விருந்தாளி என்று சொல்.

தந்தி கொடுத்துவிட்டு வந்து மறுபடி இதே இடத்தில்தான் இருக்கிறேன். ஃபிர்மான் விளக்கேற்றிவிட்டார். இன்னொரு காபி வேண்டுமா என்கிறார். வேண்டியதில்லை, ஆனாலும் கொண்டுவரச் சொல்லியிருக்கிறேன். பதினொரு நாள் உட்கார வேண்டுமே, இப்போதிருந்தே பழகிக்கொண்டிருக்கிறேன்.

உன் மாமா,
அனிசே வெர்தால்
(இந்த ஊரில்: அனத்தோல்)